கூலி மடமும் பொதுப் பள்ளியும்

கோடை விடுமுறை முடிந்து பள்ளிகள் திறக்கும் நாளில் மைசூர் நகரத்துத் தெரு ஒன்றில் காலை நேரத்தில் நின்று பாருங்கள். ஒரு வீட்டு வாயிலில் மஞ்சள் வண்ண ஊர்தி வந்து நிற்கும். கழுத்துப்பட்டை கட்டிய பிள்ளை ஒன்று அதில் ஏறிச் செல்லும். அதே தெருவில், நான்கு வீடு தள்ளி, மற்றொரு பிள்ளை பையைத் தோளில் மாட்டிக்கொண்டு அரசுப் பள்ளிக்கு நடந்து செல்லும். இருவருக்கும் வயது ஒன்று, தெருவும் ஒன்று, வழிகள் மட்டும் வேறு. இவ்வழிகளைப் பிரித்தது பெற்றோர் விருப்பமா, பணமா, அரசின் கொள்கையா என்னும் கேள்வி எழுகின்றது.

இக்கேள்விக்கு இரண்டு விடைகள் நம் காதில் விழுகின்றன. 'பள்ளியைத் தேர்ந்துகொள்ளும் உரிமை பெற்றோருடையது. பள்ளிகள் தம்முள் போட்டியிட்டால் தரம் தானே உயரும்' என்பர் ஒரு சாரார். 'கல்வி கடைச்சரக்கு ஆகாது. அதனை அரசே அளித்தல் வேண்டும்' என்பர் மற்றொரு சாரார். இவ்வழக்கு நேற்றுத் தோன்றியது என்று பலர் கருதுகின்றனர். மைசூர் நாட்டின் கல்வி வரலாற்றைப் புரட்டினால், அங்கே சந்தையும் இருந்தது, செல்வர் அறமும் இருந்தது, அரசின் கையும் இருந்தது என்பது விளங்கும். ஒவ்வொன்றும் யாருக்குக் கதவு திறந்தது, யாருக்கு மூடியது என்பதை முறையே காண்போம்.

கூலி மடம்

நம் தமிழகத்தில் திண்ணைப் பள்ளிக்கூடம் என்று வழங்கியதைக் கன்னட நாட்டார் 'கூலி மடம்' என்றனர். பெயரே அதன் இயல்பைச் சொல்லும். ஆசிரியருக்கு அரசு ஊதியம் இல்லை. பிள்ளைகளின் பெற்றோர் தரும் கூலியே அவர் வாழ்வு. காசாகவோ தானியமாகவோ அக்கூலி வந்தது. நன்றாகக் கற்பித்தால் பிள்ளைகள் கூடுவர். கற்பிக்காவிட்டால் வேறிடம் செல்வர். இன்று சிலர் புதுமையாகப் பேசும் போட்டி முறை, அக்காலத்துத் திண்ணையிலேயே இருந்தது.

அம்முறையின் பயனை அளந்து பார்க்க நமக்கு ஒரு சான்று உண்டு. அண்டையிலிருந்த சென்னை மாகாணத்தில் ஆளுநர் தாமஸ் மன்றோ, 1822இல் மாவட்டந்தோறும் பள்ளிகளைக் கணக்கெடுக்கச் செய்தார். 1826இல் அவர் எழுதிய குறிப்பில், மாகாணத்தில் 12,498 பள்ளிகளும் 1,88,650 மாணாக்கரும் இருந்தமை பதிவாகியுள்ளது. ஐந்து முதல் பத்து வயது வரையுள்ள ஆண்பிள்ளைகளில் ஏறத்தாழ நான்கில் ஒருவர் பள்ளி சென்றனர் என்பது அவர் மதிப்பு. அக்காலத்து ஐரோப்பிய நாடுகள் பலவற்றோடு ஒப்பிட்டால் இது இழிவான நிலை அன்று என்றே அவர் கருதினார்.

ஆனால் அக்கணக்கின் மறுபக்கத்தையும் பார்த்தல் வேண்டும். மாணாக்கர் மாதந்தோறும் தந்தது நாலணா முதல் எட்டணா வரை. ஆசிரியர் பலர்க்கும் மாத வருவாய் ஆறேழு ரூபாயைத் தாண்டவில்லை. இவ்வூதியத்துக்குத் தக்க அறிஞர் வருவது அரிது என்று மன்றோவே எழுதினார். நாலணா தர இயலாதவன் பிள்ளை திண்ணையில் ஏறவில்லை. பெண்பிள்ளைகள் மிகச் சிலரே கற்றனர். தீண்டப்படாதார் என்று ஒதுக்கப்பட்ட மக்களின் பிள்ளைகளுக்கோ, கையில் காசு இருந்தாலும், திண்ணை எட்டாத உயரமாகவே இருந்தது. கூலி கொடுப்பவன் கேட்பதைச் சந்தை கொடுத்தது. கேட்க வலிவில்லாதவனை அது பொருட்படுத்தவில்லை.

மன்றோ இதற்கு ஒரு மாற்றுக் கண்டார். மாவட்டத் தலைமையிடங்களில் 40 பள்ளிகளும், தாசில் வட்டங்களில் 300 பள்ளிகளும் அரசுச் செலவில் நிறுவி, ஆசிரியருக்கு முறையே 15 ரூபாயும் 9 ரூபாயும் மாத ஊதியமாகத் தரவேண்டும் என்றார். 1827இல் அவர் மறைந்தார். அவர் நட்ட செடியும் நீரின்றி வாடியது.

தேர்ச்சிக்குத் தக்க மானியம்

மைசூரில் மூன்றாம் கிருஷ்ணராஜ உடையார் 1833இல் தம் பொருளைக் கொண்டு ஓர் இலவச ஆங்கிலப் பள்ளியைத் தொடங்கினார். பிற்காலத்தில் மகாராஜா கல்லூரியாக ஓங்கிய மரத்துக்கு அதுவே வித்து. அப்போது நாட்டின் ஆட்சி ஆங்கிலக் கமிஷனர்கள் கையில் இருந்தது. 1831 முதல் 1881 வரை அந்நிலை நீடித்தது. ஆதலால் ஆங்கிலேயர் இந்தியாவுக்கு வகுத்த கல்விக் கொள்கையின் நிழல் மைசூர் மீதும் விழுந்தது.

அக்கொள்கையின் தலையூற்று 1854இல் சார்லஸ் உட் அனுப்பிய கல்வி அறிக்கை. அரசே எங்கும் பள்ளி நடத்துவதைவிட, தனியார் நடத்தும் பள்ளிகளுக்கு மானியம் அளிப்பது செலவு குறைந்த வழி என்று அது கண்டது. அதில் ஒரு நிபந்தனை நம் கவனத்துக்கு உரியது. சிறு தொகையேனும் மாணாக்கரிடம் சம்பளம் வாங்கும் பள்ளிக்கே மானியம் தருதல் வேண்டும் என்பது பொது விதியாக வகுக்கப்பட்டது. இலவசமாகப் பெறுவதை மக்கள் மதிக்கமாட்டார் என்பது அவ்விதியின் உட்கருத்து. இன்றும் நம்மிடையே வாழும் கருத்து அது.

இங்கிலாந்தில் 1862இல் மற்றொரு முறை நடைமுறைக்கு வந்தது. வாசிப்பு, எழுத்து, கணக்கு ஆகிய மூன்றிலும் ஒவ்வொரு குழந்தையையும் ஆய்வாளர் சோதிப்பார். தேறிய குழந்தைக்குத் தக்கபடி பள்ளிக்குப் பணம். தேறாத பாடத்துக்குப் பணம் பிடித்தம். வணிகர் சரக்கைத் தரம் பார்த்து விலை தருவது போன்ற ஏற்பாடு இது. சென்னை மாகாணத்துத் தொடக்கப் பள்ளிகளிலும் இம்முறை நுழைந்தது. விளைவு யாது? சோதனைக்குரிய பாடம் மட்டும் மனப்பாடமாயிற்று. மெல்லக் கற்கும் பிள்ளை ஆசிரியருக்குச் சுமையாயிற்று. பள்ளி ஆய்வாளராகவே பணிபுரிந்த ஆங்கிலக் கவிஞர் மாத்யூ ஆர்னால்டு இம்முறையை இடைவிடாது கண்டித்தார். நூற்றாண்டின் இறுதியில் இங்கிலாந்து இதனைக் கைவிட்டது. இந்திய அரசும் 1904ஆம் ஆண்டுக் கல்வித் தீர்மானத்தில் இதனைத் தள்ளியது.

இதற்கிடையே மைசூரில் 1868ஆம் ஆண்டில் வேறொரு முயற்சி தோன்றியது. கல்வெட்டு ஆராய்ச்சியால் புகழ்பெற்ற பி. எல். ரைஸ் அப்போது அந்நாட்டுக் கல்வித் துறையில் பணியாற்றினார். சில ஊர்கள் சேர்ந்த பகுதியைக் கன்னடத்தில் 'ஹோப்ளி' என்பர். ஹோப்ளிதோறும் ஒரு பள்ளி என்பது அவர் திட்டம். கூலி மடத்து ஆசிரியர்களைப் பகைவராகக் கருதி விரட்டாமல், அவர்களுள் தக்கவரைப் பயிற்றுவித்து, நிலையான ஊதியம் தந்து அமர்த்தும் போக்கை அது மேற்கொண்டது. பெற்றோரின் கூலியை எதிர்பார்த்திருந்த ஆசிரியர் பொதுப்பணத்தில் ஊதியம் பெறலானார். பார்வைக்குச் சிறிய மாற்றம். ஆனால் ஆசிரியரின் கடமை கூலி தந்த வீட்டைக் கடந்து ஊர் முழுமைக்கும் விரிந்தது இம்மாற்றத்தால்தான்.

அறத்தின் கதவும் அரசின் கதவும்

மைசூரில் தனியார் கொடை சிறிதன்று. மரிமல்லப்பர் என்னும் செல்வர் கல்விக்கென்று விட்டுச் சென்ற பொருளால் 1876இல் அந்நகரில் ஒரு பள்ளி எழுந்தது. 'தாத்தய்யா' என்று மக்கள் அன்புடன் அழைத்த எம். வெங்கடகிருஷ்ணய்யா அங்கே தலைமையாசிரியராக விளங்கினார். வணிகப் பெருமகனாகிய பானுமய்யா தம் வாணிபத்தில் ஈட்டிய பொருளைப் பள்ளிகளாக மாற்றினார். இவ்விருவர் பெயரையும் தாங்கிய நிறுவனங்கள் இன்றும் மைசூரில் உள்ளன. பம்பாய்த் தொழிலதிபர் ஜாம்ஷெட்ஜி டாட்டா உயர்நிலை ஆராய்ச்சிக்கென்று தம் செல்வத்தில் பெரும்பகுதியை வழங்க முன்வந்தபோது, மைசூர் அரசு பெங்களூரில் 371 ஏக்கர் நிலம் தந்தது. 1909இல் நிறுவப்பெற்ற இந்திய அறிவியல் நிறுவனம் இவ்வாறு பிறந்தது. வணிகரின் பொருளும் அரசின் நிலமும் பொதுநலத்தில் கலந்த இடம் அது. 'டாட்டா இன்ஸ்டிடியூட்' என்று பெங்களூர் மக்கள் இன்றும் அதனை அழைப்பது நன்றியின் அடையாளம்.

எனினும் அறத்துக்கும் ஓர் எல்லை உண்டு. கொடுப்பவர் விரும்பியவர்க்கே கொடை சென்று சேரும். தமிழகத்தில் பச்சையப்ப முதலியாரின் அறக்கொடை ஒப்பற்றது. 1842இல் தொடங்கிய அப்பள்ளி எண்ணற்ற இளைஞரை வாழ்வித்தது. ஆயினும் தாழ்த்தப்பட்ட வகுப்பினர்க்கு அதன் கதவு 1920களின் இறுதியில்தான் திறந்தது. இதனால் அவ்வள்ளலின் பெருமை குறையாது. அறம் எத்துணை உயர்ந்ததாயினும், எல்லோர்க்கும் உரிமை என்று சொல்லும் வலிமை அதற்கு இல்லை. அவ்வலிமை சட்டத்துக்கே உண்டு என்பதுதான் இங்கே நாம் அறியவேண்டுவது.

பெண்கல்வியை எடுத்துக்கொள்வோம். கூலி தந்து பெண்ணைப் படிக்க வைக்கும் பெற்றோர் அக்காலத்தில் மிகச் சிலர். ஆகவே சந்தை பெண்களுக்குப் பள்ளி கட்டவில்லை. அம்பளே நரசிம்மையங்காரின் முயற்சியாலும் அரண்மனை ஆதரவாலும் 1881இல் மகாராணி பெண்கள் பள்ளி மைசூரில் தோன்றியது. தொடக்கத்தில் உயர்சாதிப் பெண்களுக்கென்றே அமைந்த அது, பின்னர் அரசின் பொறுப்பில் வளர்ந்து கல்லூரியாயிற்று.

கட்டாயக் கல்வியிலும் இந்நாடு முந்தியது. கோபால கிருஷ்ண கோகலே 1911இல் இந்தியச் சட்டமன்றத்தில் தொடக்கக் கல்வி மசோதாவைக் கொண்டுவந்தார். மறு ஆண்டில் அது 38க்கு 13 என்னும் வாக்குகளில் வீழ்ந்தது. பிரிட்டிஷ் இந்தியா மறுத்ததை மைசூர் ஏற்றது. விசுவேசுவரய்யா திவானாக இருந்தபோது, 1913இல் தொடக்கக் கல்விச் சட்டம் பிறந்து, தேர்ந்த சில இடங்களில் கட்டாயக் கல்வி தொடங்கியது. அவர் காலத்தில் நாட்டின் பள்ளிகள் இரு மடங்குக்கு மேலாயின. 1916இல் மைசூர்ப் பல்கலைக்கழகம் நிறுவப்பட்டது. தொழில் வளர்ச்சியைத் தம் வாழ்வின் நோக்கமாகக் கொண்ட ஒருவரே கல்விக்கு அரசுப் பணத்தை அள்ளித் தந்தார் என்பதை மறத்தலாகாது. தொழிலுக்குக் கற்றவர் தேவை என்பதை அவர் உணர்ந்திருந்தார். ஆனால் கற்பிக்கும் பொறுப்பைத் தொழிலதிபர் கையில் விட்டுவிடவில்லை.

1915இல் ஒரு பெருஞ்சோதனை வந்தது. தீண்டப்படாதார் எனப்பட்ட வகுப்புப் பிள்ளைகளைப் பொதுப் பள்ளிகளில் சேர்த்தல் வேண்டும் என்று அரசு ஆணை பிறப்பித்தது. எதிர்ப்பு எழுந்தது. தம் பிள்ளைகளைப் பள்ளியினின்று நிறுத்திக்கொண்ட பெற்றோரும் உண்டு. அவர்களும் தாம் 'தேர்ந்துகொள்வதாகவே' எண்ணினர். ஒருவர் தம் பிள்ளைக்கு நல்ல பள்ளியை நாடுவது ஒரு வகைத் தேர்வு. பிறர் பிள்ளையோடு ஒரே பாயில் அமர மறுப்பது மற்றொரு வகைத் தேர்வு. பெற்றோர் உரிமை என்னும் ஒரே பெயரால் இரண்டும் வழங்குவதே இவ்வழக்கின் சிக்கல். முன்னதை மதிப்பதும் பின்னதைத் தடுப்பதும் அரசின் கடமையாயிற்று.

நன்கொடை என்னும் விலை

விடுதலைக்குப் பின் நம் அரசியலமைப்பு, பதினான்கு வயது வரை இலவசக் கட்டாயக் கல்வியைப் பத்து ஆண்டுகளுக்குள் அளிக்க முயலுமாறு அரசுக்கு வழிகாட்டியது. அக்கெடு 1960இல் கடந்தது. 1966இல் அறிக்கை தந்த கோத்தாரி கல்விக் குழு, செல்வர் பிள்ளையும் எளியவர் பிள்ளையும் ஒரே அண்மைப் பள்ளியில் பயிலும் பொதுப் பள்ளி முறையைப் பரிந்துரைத்தது. ஏட்டில் நின்ற பரிந்துரைகளுள் அதுவும் ஒன்று.

அதே காலத்தில் வேறொரு வழியும் வளர்ந்தது. மருத்துவரும் வங்கி நிறுவனருமான டி. எம். ஏ. பாய், 1953இல் மணிப்பாலில் ஒரு மருத்துவக் கல்லூரியை நிறுவினார். மாணாக்கர் குடும்பங்கள் தந்த நன்கொடை அதற்குத் துணையாயிற்று. அரசால் இயலாதபோது தனியார் முயற்சி மருத்துவர்களை உருவாக்கியது என்பது உண்மை. பின்னர் அவ்வழியில் பலர் நடந்தனர். மாநிலமெங்கும் பொறியியல், மருத்துவக் கல்லூரிகள் தோன்றின. நன்கொடை என்னும் சொல்லின் பொருளும் திரிந்தது. மனமுவந்து தருவதற்குப் பெயர் நன்கொடை. தராவிட்டால் இடமில்லை என்றால் அதற்குப் பெயர் விலை.

1984இல் கருநாடக அரசு கட்டாய நன்கொடையைச் சட்டத்தால் தடுத்தது. ஆயினும் 1989இல் அதே அரசு வெளியிட்ட அறிவிக்கை, தனியார் மருத்துவக் கல்லூரிகளின் ஆண்டுக் கட்டணத்தை இவ்வாறு வகுத்தது: அரசு ஒதுக்கும் இடத்துக்கு 2,000 ரூபாய், பிற கருநாடக மாணாக்கர்க்கு 25,000 ரூபாய், வெளிமாநிலத்தார்க்கு 60,000 ரூபாய். உத்தரப் பிரதேச மாணவி ஒருவர் இதனை எதிர்த்து உச்சநீதிமன்றம் சென்றார். மோகினி ஜெயின் வழக்கு என்று சட்ட நூல்கள் குறிக்கும் அவ்வழக்கில், கல்வி உரிமை வாழ்வுரிமையின் கூறு என்றும், பணம் பெற்று இடம் தருவது சமத்துவத்துக்கு முரண் என்றும் 1992இல் தீர்ப்பாயிற்று. மறு ஆண்டில் உன்னிகிருஷ்ணன் வழக்கில் அவ்வுரிமை பதினான்கு வயது வரை என வரையறுக்கப்பட்டது. 2002இல் பதினொரு நீதிபதிகள் அமர்ந்த டி. எம். ஏ. பாய் அறக்கட்டளை வழக்கில், கல்வி நிறுவனம் நடத்துவது ஒரு தொழிலுரிமை என்று ஏற்கப்பட்டது. இலாப வேட்டையும் கட்டாய நன்கொடையும் கூடா என்றும் சொல்லப்பட்டது. அதே ஆண்டில் அரசியலமைப்பின் 86ஆம் திருத்தம், ஆறு முதல் பதினான்கு வயது வரை கல்வியை அடிப்படை உரிமையாக்கியது. உரிமையும் தொழிலும் ஒரே ஆண்டில் ஒரே வீட்டில் குடிபுகுந்தன எனலாம்.

யார் யாரைத் தேர்கின்றார்?

2010இல் நடைமுறைக்கு வந்த கல்வி உரிமைச் சட்டம், தனியார் பள்ளிகளின் தொடக்க வகுப்பில் நூற்றுக்கு 25 இடங்களை எளியோர்க்கு ஒதுக்கி, அதற்குரிய தொகையை அரசு ஈடு செய்யும் என்றது. 1955இல் அமெரிக்கப் பொருளியலறிஞர் மில்டன் ஃபிரீட்மன் ஒரு கருத்தைக் கூறினார். பள்ளிக்குத் தரும் பொதுப்பணத்தைச் சீட்டாகப் பெற்றோர் கையில் தந்தால், அவர்கள் விரும்பிய பள்ளியில் அதனைச் செலுத்துவர் என்பது அது. தென்னமெரிக்காவின் சிலி நாடு 1981இல் அவ்வழியில் சென்றது. பிள்ளைகள் பெருந்தொகையாகத் தனியார் பள்ளிகளுக்கு மாறினர். வசதியுள்ளோரும் இல்லாதோரும் தனித்தனிப் பள்ளிகளில் பிரிந்தனர் என்று ஆய்வாளர் பலர் கண்டனர். நம் 25 விழுக்காடு அச்சீட்டுக்கு ஒருவகையில் உறவு. ஆயினும் பிரிப்பதற்கன்றிக் கலப்பதற்காக எழுந்தது என்னும் வேறுபாடு உண்டு.

கருநாடகம் 2012 முதல் அவ்வொதுக்கீட்டைச் செயற்படுத்தியது. பின்னர், 2018இன் இறுதியில் விதியைத் திருத்தி, அருகில் அரசுப் பள்ளியோ உதவி பெறும் பள்ளியோ இருக்குமிடத்துத் தனியார் பள்ளிகளை அக்கடமையினின்று விடுவித்தது. உயர்நீதிமன்றமும் 2019இல் அதனை ஏற்றது. பொதுப்பணம் தனியாரிடம் சென்று அரசுப் பள்ளி வெறுமையாகின்றது என்பது அரசின் வாதம். கிடைத்த ஒரே வாயிலும் அடைபட்டது என்பது எளிய பெற்றோரின் துயரம். இரண்டிலும் உண்மை உண்டு.

பயிற்று மொழியிலும் இதே இழுபறி. முதல் நான்கு வகுப்புகளில் தாய்மொழியே பயிற்று மொழி என்று 1994இல் கருநாடகம் ஆணையிட்டது. 2014இல் உச்சநீதிமன்றம், தனியார் பள்ளிகளில் அதனைத் திணித்தலாகாது. மொழியைத் தேர்வது பெற்றோர் உரிமை என்றது. பிள்ளைகள் ஆங்கிலப் பள்ளிகளை நாடுவது கண்டு, 2019இல் அரசே தன் பள்ளிகளில் ஆயிரம் இடங்களில் ஆங்கில வழிப் பிரிவுகளைத் தொடங்கியது. சந்தையைக் கட்டுப்படுத்தச் சென்ற அரசு, சந்தையின் பின்னே நடக்கலாயிற்று.

பெற்றோரைக் குறைகூறுதல் எளிது. கடன் வாங்கியேனும் தனியார் பள்ளிக்குச் சம்பளம் கட்டும் தாய் பெருமைக்காகக் கட்டவில்லை, அச்சத்தால் கட்டுகின்றாள். அருகிலுள்ள பள்ளியில் ஆசிரியர் போதாரோ, மூடிவிடுவாரோ என்னும் அச்சம் அது. அச்சத்தால் நேர்வதைத் தேர்வு என்று சொல்லலாகாது. மேலும், கட்டணம் உயரும்போது பெற்றோர் பள்ளியைத் தேர்வதில்லை; பள்ளியே பெற்றோரைத் தேர்கின்றது. கூலி மடத்திலும் அதுதான் நிகழ்ந்தது. அன்று நாலணா, இன்று இலட்சம், அளவுதான் வேறு.

இச்சொற்பொழிவு ஏட்டைப் படிப்போர்க்கு ஒரு செய்தி நினைவூட்டத் தக்கது. 1935இல் மைசூர் மகாராஜா கல்லூரிப் பேராசிரியர் எம். வி. கோபாலசுவாமி தம் இல்லத்தில் ஒரு சிறு வானொலி நிலையம் அமைத்தார். 'ஆகாசவாணி' என்னும் பெயர் அங்கே வழங்கியது. தனியொருவர் ஆர்வத்தில் பிறந்ததைப் பின்னர் மைசூர் அரசு ஏற்றது. இறுதியில் அப்பெயரே நாடு முழுவதற்கும் உரியதாயிற்று. மரிமல்லப்பரின் கொடையும் நரசிம்மையங்காரின் பள்ளியும் காட்டும் நெறியும் இதுவே. தனியார் முயற்சி விளக்கை ஏற்றலாம். எல்லா வீட்டுக்கும் வெளிச்சம் சேர்ப்பது பொதுமையின் பொறுப்பு.

ஆகவே தேர்வுரிமையை மெய்யாக விரும்புவோர் முதலில் நாடவேண்டுவது தெருமுனையிலுள்ள அரசுப் பள்ளியின் நலம். அங்கே போதிய ஆசிரியர் இருந்து, ஒழுகாத கூரையின் கீழ் பாடம் நடந்தால், அதனை விட்டு வேறு பள்ளி செல்வோரும் விருப்பத்தால் செல்வர். அங்கேயே பயில்வோரும் விருப்பத்தால் பயில்வர். நாம் முதலில் கண்ட அவ்விரு பிள்ளைகளும் என்றேனும் ஒரே வழியில் சேர்ந்து நடப்பதற்கு அதுவே தொடக்கமாகும்.